போட்டுவிட்டுப் போன அப்பீல்கள்: ஒரு குமாஸ்தாவின் திறந்த மடல்

உயர் நீதிமன்றங்களில் திருமண வழக்கு மேல்முறையீடுகளைக் கேட்கும் மாண்புமிகு நீதிபதிகளுக்கும், அவற்றுக்கு எண் கொடுத்துப் பட்டியலில் ஏற்றும் பதிவாளர்களுக்கும்,

வணக்கம்.

நான் வழக்கறிஞர் இல்லை. வழக்கறிஞர் ஒருவரிடம் 27 வருடமாகக் குமாஸ்தாவாக இருக்கிறேன். நகல் மனு போடுவது, பேட்டா (நோட்டீஸ் அனுப்பக் கட்டும் கட்டணம்) கட்டுவது, ரிட்டர்ன் ஆன வழக்குக் கட்டைச் சரிசெய்து திரும்பத் தாக்கல் செய்வது, வாய்தா தேதியைக் கட்சிக்காரருக்குச் சொல்வது, சாயங்காலம் மறுநாள் வழக்குப் பட்டியலான காஸ் லிஸ்ட் வந்ததும் நம் வழக்கு எத்தனையாவது ஐட்டம் என்று பார்த்து வைப்பது, இதெல்லாம் என் வேலை. சட்டத்தை நான் படித்துத் தெரிந்துகொள்ளவில்லை. கட்டுகளைச் சுமந்துதான் தெரிந்துகொண்டேன். தவறு இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் அலுவலகத்துக்கு மாதத்தின் முதல் வாரத்தில் ஒரு போன் வரும். ஜவுளிக் கடையில் கணக்கு எழுதும் ஒரு பெண். "அண்ணே, நம்ம கேஸ் ஏதும் தெரிஞ்சுதா?" என்பார். "இன்னும் லிஸ்ட்ல வரலம்மா" என்பேன். "சரிண்ணே" என்று வைத்துவிடுவார். ஒருநாளும் கோபப்பட்டதில்லை. இந்த உரையாடல் ஆறு வருடமாக நடக்கிறது.

அவருக்குக் குடும்ப நீதிமன்றம் விவாகரத்து கொடுத்துவிட்டது. கொடுமை நிரூபணம் ஆனது, சாட்சி விசாரணை ஒழுங்காக நடந்தது, தீர்ப்பும் தெளிவாக இருந்தது. கணவர் தரப்பு காலக்கெடு முடியும் தறுவாயில் அப்பீல் போட்டது. போட்டதோடு சரி. நோட்டீஸ் அனுப்பப் பேட்டா கட்டச் சொல்லி உத்தரவானது, கட்டவில்லை. இரண்டு முறை பட்டியலில் வந்தது. யாரோ ஒரு ஜூனியர் எழுந்து அவகாசம் கேட்டார். அப்புறம் அமர்வு மாறியது. அதன் பிறகு அந்தக் கட்டு எந்த அலமாரியில் இருக்கிறது என்று எனக்குத் தெரியாது.

மூன்று வருடத்துக்கு முன்னால் அந்தப் பெண்ணுக்கு ஒரு வரன் வந்தது. மாப்பிள்ளையின் பெரியப்பா, ஓய்வுபெற்ற தலைமை ஆசிரியர், எங்கள் அலுவலகத்துக்கே வந்துவிட்டார். பெஞ்சில் உட்கார்ந்து, கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, தீர்ப்பு நகலை முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை வாசித்தார். அரை மணி நேரம் ஆயிற்று. படித்து முடித்துவிட்டு, "பொண்ணு மேல ஒரு குறையும் இல்ல, நல்லாத் தெரியுது. மேலே அப்பீல் ஏதும் இல்லேன்னு ஒரு பேப்பர் வாங்கித் தர முடியுமா தம்பி?" என்று கேட்டார். அப்பீல் இருக்கிறது என்றேன். நடக்கவில்லை, ஆனால் இருக்கிறது. அவர் தீர்ப்பை மடித்து என் கையில் கொடுத்துவிட்டு, போய் வருகிறேன் என்று எழுந்துவிட்டார். அவரைக் குற்றம் சொல்ல முடியாது. அவர் கேட்ட கேள்வி சட்டத்தில் இருக்கிற கேள்விதான்.

1955-ஆம் ஆண்டின் இந்துத் திருமணச் சட்டம், பிரிவு 15. விவாகரத்துத் தீர்ப்பாணை வந்தபின், மேல்முறையீடு செய்யும் உரிமையே இல்லை என்றாலோ, உரிமை இருந்தும் காலக்கெடுவுக்குள் யாரும் செய்யவில்லை என்றாலோ, செய்த மேல்முறையீடு தள்ளுபடி ஆனாலோ, இருவரில் எவரும் மறுமணம் செய்துகொள்ளலாம். பரஸ்பர சம்மதத்தில் பிரிந்தவர்களுக்கு இதில் சிக்கல் இல்லை. சம்மதத்தில் வந்த ஆணைமேல் அப்பீல் கிடையாது. சண்டை போட்டுத் தீர்ப்பு வாங்கியவர்கள்தான் 'தள்ளுபடி' என்ற அந்த ஒரு வார்த்தைக்காக உட்கார்ந்திருக்கிறார்கள். அப்பீல் போட்டவர் அதை நடத்தவும் மாட்டேன், வாபஸும் வாங்க மாட்டேன் என்று போய்விட்டால் அந்த வார்த்தையை எழுத வேண்டியவர் நீங்கள் மட்டும்தான்.

காலக்கெடு விஷயமே ஒரு முடிச்சு. இந்துத் திருமணச் சட்டத்தில் முன்பு 30 நாள் இருந்தது. 2003-இல் பிரிவு 28-ஐத் திருத்தி 90 நாள் ஆக்கினார்கள். தொலைவில் இருக்கிறவர்கள் 30 நாளில் மேல்முறையீடு செய்வது கஷ்டம் என்று உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகுதான் அந்தத் திருத்தம் வந்தது. 1984-இன் குடும்ப நீதிமன்றச் சட்டம், பிரிவு 19 மட்டும் இன்னும் 30 நாள் என்றே சொல்கிறது. எதற்கும் இருக்கட்டும் என்று நாங்கள் கட்சிக்காரரிடம் 90 நாள் பொறுங்கள் என்போம். 90 நாள் பொறுக்கலாம். ஆறு வருடத்தை எப்படிப் பொறுக்கச் சொல்வது?

இந்துத் திருமணச் சட்டத்தில் பிரிவு 21-பி என்று ஒன்று இருக்கிறது. 1976-இல் சேர்த்தார்கள். திருமண வழக்கை ஆறு மாதத்திலும், மேல்முறையீட்டை மூன்று மாதத்திலும் முடிக்க முயல வேண்டும் என்கிறது. நல்ல எண்ணத்தில் எழுதியது. அந்த மூன்று மாதம் எங்கிருந்து தொடங்குகிறது என்றும் அதிலேயே இருக்கிறது: எதிர்தரப்புக்கு மேல்முறையீட்டு நோட்டீஸ் சார்வான, அதாவது போய்ச் சேர்ந்த, நாளிலிருந்து. அந்த நோட்டீஸுக்குப் பேட்டா கட்ட வேண்டியவர் அப்பீல் போட்டவர். அவர் கட்டாவிட்டால் நோட்டீஸ் போகாது. நோட்டீஸ் போகாவிட்டால் மூன்று மாதக் கணக்கு தொடங்காது. சில நூறு ரூபாயைக் கட்டாமல் இருந்தால் போதும், இன்னொருவர் வாழ்க்கை நின்றுவிடும். இது தெரிந்தே செய்கிறவர்கள் இருக்கிறார்கள். "நான் ஜெயிக்க வேண்டாம்ப்பா, அவ இன்னொருத்தனக் கட்டக் கூடாது, அவ்வளவுதான்" என்று ஒரு கட்சிக்காரர் என் முன்னால் சொல்லியிருக்கிறார். எங்கள் சார் அந்தக் கட்டை அன்றைக்கே திருப்பிக் கொடுத்துவிட்டார். வேறு அலுவலகத்தில் வாங்கிக்கொண்டார்கள்.

நோட்டீஸுக்குக் காத்திராமல் அந்தப் பெண்ணே வக்காலத்துப் போட்டு, வழக்கைப் பட்டியலில் ஏற்றச் சொல்லிக் கேட்கலாமே என்பீர்கள். கேட்கலாம், கேட்டும் இருக்கிறோம். ஆனால் அதற்கு உயர் நீதிமன்றத்தில் வக்கீல் வேண்டும், போக வர பஸ் காசு வேண்டும், கடையில் லீவு வேண்டும். ஜெயித்தவர் செலவு செய்து, தோற்றவர் போட்ட அப்பீலைத் தேடி எடுத்து, அதைத் தள்ளுபடி செய்யுங்கள் என்று கும்பிட வேண்டியிருக்கிறது. பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவசச் சட்ட உதவி உண்டு. 1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டம், பிரிவு 12 அதைத் தருகிறது, 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்தாலே வழி சொல்வார்கள். இதை வாசிக்கும் யாராவது இந்த நிலையில் இருந்தால் தயவுசெய்து அதைப் பயன்படுத்துங்கள்.

அடுத்தது, எண்ணே ஆகாத அப்பீல்கள். தாக்கல் செய்தவுடன், வழக்கு எண் கிடைக்கும்வரை இருக்கிற ஒரு தற்காலிக எண், எஸ்.ஆர். நம்பர், விழும். குறை இருந்தால் பதிவகம் திருப்பிக் கொடுக்கும்: நகல் தெளிவாக இல்லை, கோர்ட் கட்டணம் குறைகிறது, பக்க எண் போடவில்லை, இப்படி ஏதாவது. சரிசெய்து குறித்த நாளுக்குள் திரும்பத் தாக்கல் செய்ய வேண்டும். செய்யாமல் வீட்டுக்குக் கொண்டுபோய்ப் பரணில் போட்டுவிட்டால்? வழக்கு எண் இல்லை, ஆகவே பெயர் போட்டுத் தேடினாலும் எதிர்தரப்புக்குச் சட்டென்று அகப்படாது. நோட்டீஸும் வராது. அந்தப் பெண் அப்பீலே இல்லை என்று நம்பி, ஊரைக் கூட்டித் தாலி கட்டிக்கொள்வார். இரண்டு வருடம் கழித்து, திரும்பத் தாக்கல் செய்யத் தாமதமானதை மன்னிக்கக் கோரும் மனுவோடு பழைய கட்டு பரணிலிருந்து இறங்கும். அப்போது அந்த வீட்டில் ஒரு கைக்குழந்தைகூட இருக்கலாம்.

அப்படிச் செய்த திருமணம் செல்லாமல் போய்விடாது என்று சொல்லக்கூடிய தீர்ப்புகள் இருக்கின்றன, தெரியும். 1978-லேயே, முன்பு பிரிவு 15-இல் இருந்த ஒரு வருடக் காத்திருப்பை மீறிய திருமணம் செல்லாததாகிவிடாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. 2018 ஆகஸ்ட் 24 அன்று நீதிபதிகள் எஸ்.ஏ.பாப்டே, எல்.நாகேஸ்வர ராவ் அமர்வு இன்னொரு வழக்கில் அதையே இன்னும் விரித்துச் சொன்னது. அந்த வழக்கின் கதையை எங்கள் சார் விளக்கியபோது எனக்கு மனசு கேட்கவில்லை. அப்பீல் போட்டவரே முதல் மனைவியோடு சமரசமாகி, அப்பீலை வாபஸ் வாங்க மனுவும் போட்டுவிட்டார். அந்த மனுமீது உத்தரவு வருவதற்கு முன்னால், 2011 டிசம்பரில் மறுமணம் செய்துகொண்டார். உத்தரவு வந்தது இரண்டு வாரம் கழித்து. பின்னால் அந்தத் தம்பதிக்குள் பிணக்கு வந்தபோது, திருமணம் நடந்த அன்றைக்கு அப்பீல் நிலுவையில் இருந்தது, ஆகவே இந்தத் திருமணமே செல்லாது என்று வழக்கு. உயர் நீதிமன்றம் செல்லாது என்றது. உச்ச நீதிமன்றம் அதை மாற்றிச் செல்லும் என்றது. 2020-இல் இன்னொரு தீர்ப்பு: காலக்கெடுவுக்குள் போட்ட அப்பீலுக்குத்தான் பிரிவு 15-இன் தடை, தாமதமாகப் போட்டுவிட்டு மன்னிப்புக் கேட்கும் அப்பீலுக்கு, விவாகரத்து ஆணைமேல் கோர்ட் தடை இருந்தாலொழிய, அது பொருந்தாது என்றது.

இரண்டு வார இடைவெளிக்கு உச்ச நீதிமன்றம் வரை போய் வர 2018 ஆகிவிட்டது. டெல்லி வரை வழக்கு நடத்தத் தெம்பு இருந்தவர்களுக்கு அது முடிந்தது. ஜவுளிக் கடையில் கணக்கு எழுதும் பெண்ணிடம் போய், "கட்டிக்கோம்மா, பின்னால யாராவது கேஸ் போட்டா இந்தத் தீர்ப்பைக் காட்டிக்கலாம்" என்று நான் எப்படிச் சொல்வேன்? இருதார மணக் குற்றத்துக்கு இன்றைக்கு பாரதிய நியாய சன்ஹிதா 82-ஆம் பிரிவில் ஏழு வருடம் வரை தண்டனை இருக்கிறது. அவர்மேல் அது நிற்குமா நிற்காதா என்பது அப்புறம். எவனாவது ஒரு புகார் கொடுத்தாலே அந்தக் குடும்பம் நொறுங்கிப்போகும்.

தடை ஆணை வாங்கிவிட்டுப் போனவர்கள் கதை இன்னும் மோசம். அப்பீல் போட்டதாலேயே கீழ்க்கோர்ட் ஆணை நின்றுவிடாது. தனியாக ஸ்டே வாங்க வேண்டும். வாங்கிவிட்டால் அப்புறம் அப்பீலை நடத்த அவசியம் என்ன இருக்கிறது? ஆறு மாதத்தில் ஸ்டே தானாக விலகிவிடும் என்று 2018-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருந்தது; 2024 பிப்ரவரி 29-இல் ஐந்து நீதிபதிகள் அமர்வு அதை மாற்றிவிட்டது. மாற்றியதற்குச் சரியான காரணங்கள் இருக்கின்றன, அதில் எனக்கு வழக்கில்லை. ஆனால் இனி யாராவது எடுத்துப் பார்த்து நீக்கினால்தான் ஸ்டே நீங்கும். அந்த யாராவது நீங்களாக இருக்க வேண்டும் என்றுதான் இந்த மடல்.

இவ்வளவும் சொல்லிவிட்டு, வராதவர் அப்பீலையெல்லாம் ஒரே நாளில் தள்ளிவிடுங்கள் என்று நான் கேட்கவில்லை. ஏனென்றால் மறுபக்கத்தையும் பார்த்திருக்கிறேன்.

ஒரு அம்மா. அறுபது வயதைத் தாண்டியவர். கணவர் விவாகரத்து வாங்கிவிட்டார், இவர் அப்பீல் போட்டிருந்தார். வேறொரு அலுவலகத்து வழக்கு. இவருடைய வக்கீல் உடம்புக்கு முடியாமல் கோர்ட்டுக்குப் போவதை நிறுத்திவிட்டார், கட்டை யாரிடமும் ஒப்படைக்கவில்லை. வழக்கு பட்டியலில் வந்தது, பெயர் கூப்பிட்டார்கள், யாரும் இல்லை, தள்ளுபடி. இந்த அம்மாவுக்கு ஒன்றும் தெரியாது. கேஸ் நடந்துகொண்டிருக்கிறது என்ற நம்பிக்கையில் வருடம் ஓடியது. கணவர் இறந்தபின் குடும்ப ஓய்வூதியத்துக்கு எழுதிக் கொடுக்கப் போன இடத்தில், நீங்கள் விவாகரத்து ஆனவர், அப்பீலும் போய்விட்டது என்று சொல்லியிருக்கிறார்கள். மஞ்சள் பையில் பழைய வக்காலத்து நகலை வைத்துக்கொண்டு எங்கள் படியேறி வந்தார். கழுத்தில் தாலி இல்லை. கணவர் செத்த அன்றைக்கு வழக்கப்படி எடுத்துவிட்டார்கள். ஊர் அவரை விதவை என்று நினைக்கிறது, காகிதமோ அவர் விதவை இல்லை என்கிறது. "நான் அவருக்கு யாரு தம்பி?" என்று கேட்டார். பதில் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

தள்ளுபடியான அப்பீலைத் திரும்ப எடுக்க உரிமையியல் விசாரணைமுறைச் சட்டம், ஆணை 41, விதி 19 இருக்கிறது. தக்க காரணம் காட்ட வேண்டும். தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாளுக்குள் மனு போட வேண்டும். எனக்குத் தெரியவே இல்லை என்கிறவருக்கு 30 நாள் எந்த மூலைக்கு? தாமத மன்னிப்பு மனு, அதற்கு நோட்டீஸ், அதற்கு எதிருரை என்று அதுவே ஒரு வழக்காகிவிடும். கணவரோ மனைவியோ இறந்த பிறகும் திருமண நிலையைப் பற்றிய வழக்கு அர்த்தமில்லாமல் போய்விடாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருப்பதால் அந்த அம்மாவுக்கு மனு போட முடிந்தது. அது நடக்கிறது.

அதே ஆணை 41, விதி 17-ஐப் பாருங்கள். கூப்பிடும்போது மேல்முறையீட்டாளர் வராவிட்டால் தள்ளுபடி செய்யலாம் என்றுதான் இருக்கிறது, செய்தே ஆக வேண்டும் என்று இல்லை. அவர் இல்லாதபோது வழக்கின் சாராம்சத்துக்குள் போய்த் தீர்ப்பு எழுதக் கூடாது என்று ஒரு விளக்கமும் அதிலேயே இருக்கிறது. 1981-இல் உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி டி.ஏ.தேசாய் எழுதிய தீர்ப்பு ஒன்றை எங்கள் சார் அடிக்கடி எடுத்துச் சொல்வார். வக்கீல் வராததால் உயர் நீதிமன்றத்தில் தோற்றுப்போன கிராமத்துக்காரர் ஒருவரின் வழக்கு அது. வக்கீலை வைத்துவிட்டு, அவர் பார்த்துக்கொள்வார் என்று நம்பி ஊரில் இருப்பவனை, வக்கீல் செய்த தவறுக்காகத் தண்டிக்கக் கூடாது என்று சொன்னார்கள். இன்றைக்கும் என் கட்சிக்காரர்களில் பாதிப் பேர் அந்தக் கிராமத்துக்காரர்தான்.

ஆகவே, ஐயா, அம்மா, நான் கேட்பது இது. திருமண வழக்கு மேல்முறையீடுகளை மற்ற சிவில் அப்பீல்களோடு ஒரே கும்பலில் வைக்காதீர்கள். அவற்றில் பேட்டா கட்டாமல், குறை நீக்காமல், வாய்தாவுக்கு வராமல் கிடப்பவை எவை என்று மூன்று மாதத்துக்கு ஒருமுறை பதிவகம் பார்க்கட்டும். பார்த்தவுடன் மேல்முறையீட்டாளருக்கு ஒரு நோட்டீஸ் போகட்டும். வக்கீல் பெயருக்கு மட்டும் போனால் போதாது. கட்சிக்காரர் வீட்டு முகவரிக்கே, அவர் படிக்கிற தமிழில், போக வேண்டும். "உங்கள் மேல்முறையீடு இந்தத் தேதியில் வருகிறது. நீங்களோ உங்கள் வழக்கறிஞரோ வராவிட்டால் தள்ளுபடி ஆகும். அப்படி ஆனால் விவாகரத்து உறுதியாகும்." இந்த மூன்று வரி போதும். மனுவில் செல்பேசி எண் இருக்கிறது, குறுஞ்செய்தி அனுப்பும் வசதியும் நீதிமன்றங்களின் இணையச் சேவையான இ-கோர்ட்ஸில் ஏற்கெனவே இருக்கிறது. நான்கு வழிச் சாலையில் வண்டி வேகமாகப் போனால் நாம் வீட்டுக்கு வந்து சேர்வதற்குள் அபராதக் குறுஞ்செய்தி நம் போனுக்கு வந்துவிடுகிறது; வாழ்க்கையே மாறப்போகிற செய்தியும் வரலாம்.

அந்த நோட்டீஸ் போய்ச் சேர்ந்தும் வரவில்லை என்றால், அப்புறம் தயங்காதீர்கள். இன்னொரு வாய்தா, கடைசி வாய்ப்பு, கடைசியிலும் கடைசி வாய்ப்பு என்று இழுக்காமல் அன்றைக்கே தள்ளுபடி செய்யுங்கள். ஸ்டே இருந்தால் அதே உத்தரவில் அதுவும் முடிந்தது என்று எழுதுங்கள். ஜீவனாம்ச பாக்கி நின்றுபோயிருந்தால் அதையும் ஒரு வரி சொல்லுங்கள். உத்தரவின் நகலை எதிர்தரப்புக்கு, அவர் வழக்கில் ஆஜராகாதவராக இருந்தாலும், தபாலில் அனுப்பிவிடுங்கள். நகல் மனு போட்டு, முத்திரை ஒட்டி, பத்து நாள் அலைந்துதான் வாங்க வேண்டும் என்று வைக்காதீர்கள். அந்தத் தலைமை ஆசிரியர் கேட்டாரே ஒரு பேப்பர், அது அதுதான்.

எஸ்.ஆர். நிலையிலேயே தங்கிவிட்டவற்றையும் இணையத்தில் பெயர் போட்டுத் தேடினால் தெரியும்படி செய்யுங்கள். குடும்ப நீதிமன்ற வழக்கு எண்ணைக் கொடுத்தால், இதன்மேல் ஏதாவது தாக்கல் ஆகியிருக்கிறதா, எந்த நிலையில் இருக்கிறது என்று வர வேண்டும். திருப்பிக் கொடுத்த கட்டு குறித்த நாளுக்குள் வரவில்லை என்றால் அது நிராகரிக்கப்பட்டதாக ஒரு உத்தரவு எழுதி அதையும் ஏற்றுங்கள்.

திரும்ப எடுக்கக் கோரி வரும் மனுக்களிலும் ஒரு வேண்டுகோள். எதிர்தரப்பு இதற்கிடையில் மறுமணம் செய்திருக்கிறாரா என்று முதலில் கேளுங்கள். செய்திருந்தால் அவர் சொல்வதைக் கேட்காமல் பழைய அப்பீலுக்கு உயிர் கொடுக்காதீர்கள். நோட்டீஸ் நேரில் வாங்கியும் வராமல் இருந்தவரையும், நோட்டீஸே கிடைக்காத அந்த மஞ்சள் பை அம்மாவையும் ஒரே தராசில் நிறுக்காதீர்கள்.

வக்கீல்மார்களுக்கும், எங்கள் குமாஸ்தா சகோதரர்களுக்கும் ஒரு வார்த்தை. கட்சிக்காரர் பீஸ் தரவில்லை, போனை எடுப்பதில்லை என்றால், வழக்கிலிருந்து விலகுகிறேன் என்று கோர்ட்டில் விலகல் மெமோ போடுங்கள். அவருக்குத் தகவல் கொடுத்துவிட்டுப் போடுங்கள். சும்மா விட்டுவிட்டால் அந்தக் கட்டு இரண்டு வீட்டு வாசலிலும் குறுக்கே கிடக்கும்.

உங்கள் வேலைப் பளு எனக்குத் தெரியும். குடும்ப நீதிமன்ற மேல்முறையீட்டை இரண்டு நீதிபதிகளாவது சேர்ந்துதான் கேட்க வேண்டும் என்று சட்டம். அப்படிப்பட்ட அமர்வுகள் எண்ணிக்கையில் குறைவு. காலையில் பத்தரைக்கு உட்கார்ந்தால் நூறு ஐட்டம் முன்னால் இருக்கும். ஆனால் நான் சொல்லும் வழக்குகளில் வாதம் இல்லை, படிக்க ஆவணம் இல்லை. பெயரைக் கூப்பிட வேண்டும், நோட்டீஸ் சார்வானதா என்று பார்க்க வேண்டும், ஒரு பத்தி எழுத வேண்டும். வெள்ளிக்கிழமையில் ஒரு மணி நேரம் ஒதுக்கினால் ஒரு வருடத்தில் எத்தனையோ பேருக்கு அந்த ஒரு பத்தி கிடைத்துவிடும்.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போது ஒன்றாம் தேதி தாண்டிவிட்டது. இந்த வாரம் அந்தப் பெண் போன் செய்வார். 29 வயதில் முதல்முறை கேட்டார், இப்போது 35. நாளைய காஸ் லிஸ்ட்டைப் பார்த்துவிட்டேன், அவர் வழக்கு அதில் இல்லை.

பணிவுடன்,
ஒரு வழக்கறிஞர் குமாஸ்தா